நான்கு புகைபோக்கிகள்

நமது நண்பர் ஒருவர் சமீபத்தில் டோக்கியோவுக்குப் போய்ப் பத்து நாள் தங்கிவிட்டுத் திரும்பி வந்தார். வந்தவர் நம்மைச் சும்மா விடுவாரா? ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை முழுவதும் நம் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்துகொண்டு, தாம் கண்ட அதிசயங்களையெல்லாம் வர்ணித்தார். ரயில் வண்டிகள் நிமிஷக் கணக்குத் தவறாமல் வந்து நிற்பதைச் சொன்னார். வானை முட்டும் கோபுரத்தைச் சொன்னார். வீதியில் ஒரு குப்பைக் காகிதம்கூடக் காணோம் என்பதை மூன்று தடவை சொன்னார். கைப்பேசியில் இருந்த சுமார் ஐந்நூறு புகைப்படங்களை ஒன்று பாக்கியில்லாமல் தள்ளித் தள்ளிக் காட்டினார்.

எல்லாவற்றையும் பொறுமையுடன் கேட்டு முடித்த பிறகு நாம் ஒரே ஒரு கேள்வி போட்டோம்:

"அதெல்லாம் சரி, ஸார்! சாயங்காலம் ஆபீஸிலிருந்து வீடு திரும்புகிற மனிதன், வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போய் என்ன செய்கிறான்? குழந்தைகளிடம் என்ன பேசுகிறான்? அவன் மனைவி பக்கத்து வீட்டில் என்ன இரவல் வாங்குகிறாள்?"

நண்பர் திகைத்துப் போனார். "அதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும்? நான் ஹோட்டலில் அல்லவா தங்கியிருந்தேன்?" என்றார்.

"நமக்குத் தெரியும்!" என்றோம், ஜப்பான் தேசத்துப் பக்கம் தலை வைத்துக்கூடப் படுத்திராத நாம்.

நண்பர் விழுந்து விழுந்து சிரித்தார். அவர் சிரித்ததில் தவறு ஒன்றும் இல்லை. டோக்கியோவைப் பற்றி நாம் அறிந்ததெல்லாம் இதே கூடத்தில் இராத்திரி வேளைகளில் பார்த்த ஜப்பானியப் படங்களினால் அறிந்ததுதான். இதை ஒப்புக்கொண்டதும் அவர் வக்கீல்போல் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டார்.

"சினிமாவில் வருகிற வீடு ஸ்டூடியோவில் பலகையை அடித்துக் கட்டிய வீடு. அதிலே குடியிருப்பவர்கள் நடிகர்கள். அவர்கள் பேசுவது யாரோ எழுதிக் கொடுத்த பேச்சு. இதைப் பார்த்துவிட்டு ஊரையே தெரிந்துகொண்டுவிட்டதாகச் சொல்கிறீர்களே, இது என்ன நியாயம்?" என்று கேட்டார்.

நல்ல கேள்விதான். இதற்குப் பதில் சொல்வதற்கு முன்னால் நாலு புகைபோக்கிகளின் கதையைச் சொல்லவேண்டியிருக்கிறது.

* * *

டோக்கியோவின் வட பகுதியில், ஸுமிதா நதியின் கரையில், ஸென்ஜு என்ற பேட்டையில் அனல் மின்சார நிலையம் ஒன்று இருந்தது. 1926-ல் வேலை செய்யத் தொடங்கிய அந்த நிலையத்துக்கு நாலு புகைபோக்கிகள். ஒவ்வொன்றும் எண்பது மீட்டருக்கு மேல் உயரம். அவற்றை ஒரே வரிசையில் நிறுத்தாமல், நசுங்கிய சாய்சதுரத்தின் நாலு மூலைகளில் நிறுத்தியிருந்தார்கள். இதன் விளைவு என்னவென்றால், ஓரிடத்திலிருந்து பார்த்தால் நாலு புகைபோக்கிகளும் தெரியும். சற்றுத் தள்ளிப் போனால் மூன்றுதான் தெரியும். இன்னொரு தெருவுக்குப் போனால் இரண்டு. வேறொரு மூலைக்குப் போனால் ஒன்றின் பின் ஒன்று மறைந்து, ஒரே ஒரு புகைபோக்கிதான் நிற்கும்! ரயிலில் போகிறவன் கண் முன்னாலேயே ஒன்று இரண்டாகும், இரண்டு நாலாகும். ஜனங்கள் அவற்றுக்குப் "பேய்ப் புகைபோக்கிகள்" என்று பெயர் வைத்துவிட்டார்கள்.

ஹெய்னோஸுகே கோஷோ என்ற டைரக்டர் 1953-ல் "புகைபோக்கிகள் தெரியும் இடம்" என்று ஒரு படம் எடுத்தார். அந்தப் பேட்டையில் உள்ள வாடகை வீடு ஒன்றில் கீழே ஒரு தம்பதி குடியிருக்கிறார்கள். மாடியில் ஓர் இளைஞனும் ஒரு பெண்ணும் தனித் தனி அறையில் குடியிருக்கிறார்கள். நடுவில் உள்ள தடுப்பு எப்பேர்ப்பட்டதென்றால், ஒருவர் பெருமூச்சு விட்டால் மற்றவர்க்குக் கேட்கும். ஒரு நாள் யாரோ ஒரு கைக்குழந்தையைக் கீழ் வீட்டில் விட்டுவிட்டுப் போய்விடுகிறார்கள். யுத்த காலத்தில் காணாமற்போன, அந்த மனைவியின் முதற் கணவன் செய்த வேலை அது. குழந்தை இராத்திரி முழுவதும் அழுகிறது. வீட்டில் ஒருவருக்கும் தூக்கமில்லை. குற்றம் யாருடையது? கணவன் நிற்கிற இடத்திலிருந்து பார்த்தால் ஒரு மாதிரி தெரிகிறது. மனைவி நிற்கிற இடத்திலிருந்து வேறு மாதிரி. மாடியிலிருந்து பார்த்தால் இன்னொரு மாதிரி. வெளியே அந்தப் புகைபோக்கிகள் ஒன்றாகவும் மூன்றாகவும் தெரிந்துகொண்டிருக்கின்றன.

நகரங்களும் இப்படிப்பட்டவையே என்று நண்பருக்குச் சொன்னோம். ஹோட்டல் ஜன்னலிலிருந்து பார்த்தால் ஒரு புகைபோக்கி தெரியும். அதைப் பொய் என்று நாம் சொல்லமாட்டோம். ஆனால் மற்ற இடங்களில் நின்று பார்த்தவர்கள் சிலர் இருந்தார்கள். அவர்கள் கையில் காமிராவும் இருந்தது. அவர்களோடு நாமும் கொஞ்சம் நின்று பார்க்கலாமே?

* * *

முதலில், எட்டு வயதுப் பையன் நிற்கிற இடம்.

யாஸுஜிரோ ஓஸு என்பவர் 1932-ல் ஒரு மௌனப் படம் எடுத்தார். "பிறந்தது என்னவோ பிறந்தோம், ஆனால்..." என்பது அதன் தலைப்பு. அந்த நாளில் ஜப்பானியக் கொட்டகைகளில் "பென்ஷி" என்ற கதை சொல்லிகள் திரைக்குப் பக்கத்தில் நின்று, எல்லாப் பாத்திரங்களுக்கும் தாமே குரல் கொடுத்து வந்தார்கள். அவர்களுக்கு இருந்த செல்வாக்கும் சேர்ந்து, பேசும் படம் அந்தத் தேசத்தில் மெதுவாகத்தான் காலூன்றியது. ஓஸுவே 1936-ல்தான் முதற் பேசும் படத்தை எடுத்தார்.

கதை இதுதான். ஒரு குமாஸ்தா தம் குடும்பத்தோடு டோக்கியோவின் புறநகர் ஒன்றுக்குக் குடி வருகிறார். அங்கே எதற்காக வந்தார் தெரியுமா? முதலாளியின் வீடு அந்தப் பேட்டையில் இருப்பதால்தான். அவருடைய இரண்டு பையன்களும் புதுப் பள்ளிக்கூடத்துப் போக்கிரிகளிடம் அகப்பட்டுக்கொண்டு தவிக்கிறார்கள். பள்ளிக்குப் போகாமல் வெட்டவெளியில் உட்கார்ந்து பகற் சாப்பாட்டைத் தின்கிறார்கள். ஸாகே என்னும் அரிசி மதுவை வீடு வீடாகக் கொண்டுவந்து கொடுக்கும் கடைப் பையனைச் சிநேகம் செய்துகொண்டு, போக்கிரிகளை அடக்கச் சொல்கிறார்கள். அவனும் பெரிய போக்கிரியை அடக்குகிறான். ஆனால் முதலாளியின் மகனை மட்டும் தொடமாட்டேன் என்கிறான். ஏன்? அந்த வீட்டில் அதிகமாகச் சரக்கு வாங்குகிறார்களாம்! ஒரு பேட்டையின் பொருளாதாரம் முழுவதையும் இந்த ஒரு விஷயத்தில் தெரிந்துகொண்டுவிடலாம்.

பின்னர் ஒரு நாள் இராத்திரி முதலாளியின் வீட்டில் சினிமா. அவர் சொந்தமாகக் காமிரா வாங்கித் தாமே பிடித்த படங்கள். குழந்தைகள் எல்லாரும் போய் உட்கார்ந்திருக்கிறார்கள். முதலில் மிருகக்காட்சிச் சாலைச் சிங்கமும் வரிக்குதிரையும் வருகின்றன. பையன்களுக்கு ஒரே குதூகலம். அடுத்தாற்போல் திரையில் அவர்களுடைய தகப்பனார் வருகிறார்! வீட்டில் கண்டிப்பும் கௌரவமுமாக இருக்கிற அந்த மனிதர், முதலாளியின் காமிராவுக்கு முன்னால் கண்ணை உருட்டுகிறார். முகத்தை அஷ்ட கோணலாக்குகிறார். கோமாளி வேஷம் போடுகிறார். கூடியிருக்கிறவர்கள் எல்லாரும் சிரிக்கிறார்கள். இரண்டு பையன்கள் மட்டும் சிரிக்கவில்லை.

அன்றிரவு அந்த வீட்டில் நடப்பதைத் தகப்பனாராக உள்ள எவரும் எளிதில் மறக்க முடியாது. நீ ஏன் அவருக்குக் குனிந்து கும்பிடு போடுகிறாய் என்று பையன்கள் கேட்கிறார்கள். அவர் சம்பளம் கொடுக்கிறார் என்கிறார் அப்பா. அப்படியானால் வாங்காதே என்கிறான் ஒருவன். நீ அவருக்குச் சம்பளம் கொடேன் என்கிறான் மற்றொருவன். சம்பளம் வராவிட்டால் நீங்கள் சாப்பிட முடியாதே என்றதும், சாப்பாடே வேண்டாம் என்று இருவரும் உபவாசம் ஆரம்பித்துவிடுகிறார்கள். அவர்கள் அழுது அழுது தூங்கிய பிறகு, தாயும் தகப்பனும் படுக்கையருகில் உட்கார்ந்து, இந்தக் குழந்தைகளும் நம்மைப்போலவே ஆகிவிடுவார்களோ என்று கவலைப்படுகிறார்கள். மறு நாள் காலையில் பசி ஜயிக்கிறது. தோட்டத்தில் அப்பாவும் பிள்ளைகளும் சேர்ந்து உட்கார்ந்து சோற்று உருண்டைகளைச் சாப்பிடுகிறார்கள். ரயில் பாதைக் கடவில் முதலாளியின் மோட்டார் நிற்பதைக் கண்டதும், போய் வணக்கம் சொல்லிவிட்டு வா என்று பிள்ளைகளே தகப்பனாருக்குச் சொல்கிறார்கள். நமக்குத் தொண்டையை அடைத்துக்கொண்டது இந்த இடத்தில்தான்.

நண்பர் சொன்ன ஆட்சேபணைக்கும் இங்கே பதில் இருக்கிறது. பையன்கள் நடிகர்கள்தாம். ஆனால் அவர்களுக்குப் பின்னால் சில நிமிஷத்துக்கு ஒரு தரம் குறுக்கே ஓடுகிறதே மின்சார ரயில், அது நடிக்கவில்லை. வீடுகளுக்கு நடுவே இன்னும் காலி மனைகளாகக் கிடக்கும் புல்வெளியும், தந்திக் கம்பங்களும், கொடியில் காயும் துணிகளும் நடிக்கவில்லை. 1932-ல் டோக்கியோ தன் பக்கத்து வயல்களை எப்படி விழுங்கிக்கொண்டிருந்தது என்பதை யாரும் சொல்லாமலே நாம் பார்த்துவிடுகிறோம்.

* * *

இரண்டாவதாக, பாயில் உட்கார்ந்திருப்பவர்களின் இடம்.

ஓஸுவின் படங்களில் காமிரா வழக்கமான உயரத்தில் நிற்பதில்லை. தரையில் கோரைப் பாய் விரித்து அதில் உட்கார்ந்து வாழ்கிற ஜனங்களைப் படம் பிடிப்பதற்காக, அவர்களுடைய கண் மட்டத்தைவிடவும் தாழ்வாகக் காமிராவை இறக்கி வைத்துவிடுகிறார். பிறகு அது பெரும்பாலும் அசைவதில்லை. கெட்டிலில் வெந்நீர் கொதிக்கிறது, யாரோ ஒருவர் கதவை நகர்த்திக்கொண்டு வருகிறார், விசிறி அசைகிறது, யாரோ எழுந்து போகிறார். ஆள் போன பிறகும் சற்று நேரம் அந்த வெறும் அறையையே நாம் பார்த்துக்கொண்டிருக்கிறோம். அவசரக்காரர்களுக்கு இந்தப் படங்கள் ஏற்றவை அல்ல.

1953-ல் அவர் எடுத்த "டோக்கியோ கதை"யை உலகத்தின் மிகச் சிறந்த படமென்று 2012-ல் ஒரு பிரிட்டிஷ் சினிமாப் பத்திரிகை நடத்திய தேர்தலில் பல தேசத்து டைரக்டர்கள் வாக்களித்தார்கள். அப்பேர்ப்பட்ட படத்தில் என்னதான் நடக்கிறது? ஓனோமிச்சி என்ற கடற்கரை ஊரிலிருந்து வயோதிகத் தம்பதி இருவர், தலைநகரில் உள்ள பிள்ளைகளைப் பார்க்க வருகிறார்கள். மூத்த மகன் டாக்டர். மகள் சிகையலங்காரக் கடை வைத்திருக்கிறாள். அப்பா அம்மாவிடம் அவர்களுக்குப் பிரியம் இல்லாமல் இல்லை. நேரந்தான் இல்லை. ஞாயிற்றுக்கிழமை ஊர் சுற்றிக் காட்டுவதாகச் சொன்ன டாக்டருக்கு வாசலிலேயே ஒரு நோயாளி வந்துவிடுகிறது. மகளின் கணவன் கிழவர்களுக்காக நல்ல பட்சணம் வாங்கி வந்தால், இவ்வளவு விலையில் எதற்கு, சாதாரணப் பிஸ்கோத்து போதாதா என்கிறாள் மகள். கடைக்கு வந்த வாடிக்கைக்காரி, இவர்கள் யார் என்று விசாரித்தால், ஊரிலிருந்து வந்த தெரிந்தவர்கள் என்று சொல்லி வைக்கிறாள். கடைசியில் பணம் போட்டு அவர்களை அதாமி என்ற வெந்நீர் ஊற்று ஊருக்கு அனுப்பிவிடுகிறார்கள். அங்கே இராத்திரி முழுவதும் மாஜாங் ஆட்டமும் பாட்டும் கூத்துமாக இருப்பதால், பெரியவர்களுக்குத் தூக்கம் வரவில்லை. மறு நாளே திரும்பிவிடுகிறார்கள். அன்றைக்கு மகள் வீட்டில் சிகையலங்காரக்காரிகளின் கூட்டம். ஆகையால் அந்தப் பெரிய நகரத்தில் அவர்களுக்கு அன்றிரவு படுக்க இடமில்லை.

நேரம் ஒதுக்கியவள் ஒரே ஒருத்தி: இறந்துபோன இரண்டாவது மகனின் விதவை, நோரிக்கோ. ஓர் ஆபீஸில் வேலை பார்த்து ஒற்றை அறையில் குடியிருக்கிறவள். ஒரு நாள் லீவு எடுத்துக்கொண்டு மாமனார் மாமியாரை ஊர் காட்டும் பஸ்ஸில் அழைத்துப் போகிறாள். பிறகு தன் அறைக்குக் கூட்டிவந்து உபசரிக்கிறாள். வீட்டில் ஸாகே இல்லை. வைத்துக் கொடுக்கக் கிண்ணமும் இல்லை. பக்கத்து அறைக்காரியிடம் ஓடிப் போய் இரண்டையும் இரவல் வாங்கி வருகிறாள். நாம் நண்பரைக் கேட்ட கேள்விக்கு விடை இதுதான்!

கிழவி ஊர் திரும்பியதும் நோயுற்று இறந்துபோகிறாள். ஈமச் சடங்கு முடிந்த கையோடு, அம்மாவின் இன்ன உடை எனக்கு வேண்டும் என்று கேட்கிறாள் மகள். அவளைக் கெட்டவள் என்று வைதுவிட்டு நாம் தப்பித்துக்கொள்ள டைரக்டர் இடங்கொடுப்பதில்லை. கடையும் வாடிக்கையும் வாடகையுமாக அவள் படுகிற பாட்டை முன்னாலேயே காட்டிவிடுகிறார். எந்த நகரத்தில் வாழ்கிற மகனும் மகளும் அந்தச் சிகையலங்காரக் கடையில் தங்கள் முகத்தைக் கொஞ்சம் காணாமல் இருக்க முடியாது.

* * *

மூன்றாவது இடம் வீதியும் சர்க்கார் கச்சேரியும்.

வீதிக்கு நம்மை அழைத்துப் போகிறவர் அகிரா குரோஸாவா. 1949-ல் எடுத்த "தெரு நாய்" என்ற படத்தில், இளம் துப்பறிவாளன் ஒருவன் நெரிசல் மிகுந்த பஸ்ஸில் தன் கைத்துப்பாக்கியைப் பறிகொடுத்துவிடுகிறான். கோடைகால வெயிலில், கந்தல் உடுத்த பழைய சிப்பாயைப்போல் வேஷம் போட்டுக்கொண்டு, கள்ளச் சந்தைகளில் அதைத் தேடி அலைகிறான். இந்தப் பகுதியை உதவி டைரக்டர் இஷிரோ ஹோண்டா நிஜமான கள்ளச் சந்தைகளுக்கே காமிராவைக் கொண்டுபோய்ப் பிடித்தார். யுத்தத்தில் தோற்று நாலு வருஷமான தலைநகரம் எப்படி இருந்ததென்று அங்கே பார்க்கலாம். கைத்துப்பாக்கியை வாடகைக்கு விடுகிறவர்கள் ஈடாக எதைக் கேட்கிறார்கள் தெரியுமா? அரிசி ரேஷன் கார்டை! பணத்தைவிட அது பெரிதாயிருந்த காலம். திருடனும் யுத்தத்திலிருந்து திரும்பியவன்தான், துப்பறிவாளனும் அப்படியே. ஊர் திரும்பும் வழியில் மூட்டையைப் பறிகொடுத்தவர்களே இருவரும். ஒருவன் போலீஸில் சேர்ந்தான். மற்றவன் கொள்ளையில் இறங்கினான்.

அதே டைரக்டர் 1952-ல் எடுத்த "வாழ்வது" என்ற படத்தில் கச்சேரியைக் காணலாம். தெருவில் சாக்கடைக் குட்டை நாறுகிறது, அதைத் தூர்த்துக் குழந்தைகளுக்கு விளையாடும் இடம் அமைத்துத் தாருங்கள் என்று சில ஸ்திரீகள் மனுக் கொண்டுவருகிறார்கள். இந்த இலாகாவில் அந்த இலாகாவைக் காட்டுகிறார்கள். அந்த இலாகாவில் வேறோர் இலாகாவை. சுகாதாரம், பூங்கா, கழிவு நீர் என்று ஊரெல்லாம் சுற்றிவிட்டு, புறப்பட்ட ஜன்னலுக்கே அந்த அம்மாள்கள் வந்து சேருகிறார்கள். அங்கே முப்பது வருஷமாக முத்திரை குத்திக்கொண்டிருக்கும் தலைமைக் குமாஸ்தா, தாம் வாலிபத்தில் எழுதிய சீர்திருத்த யோசனையின் காகிதத்தைக் கிழித்தே முத்திரையைத் துடைக்கிறார்! வயிற்றில் புற்றுநோய், ஆயுள் சில மாதந்தான் என்று அறிந்த பிறகு, அந்தக் குட்டையைத் தூர்த்துப் பூங்கா அமைப்பதற்காகவே அவர் மீதிக் காலத்தைச் செலவிடுகிறார். அவர் காலமானதும், இனி நாமும் இப்படியே உழைப்போம் என்று சக குமாஸ்தாக்கள் அழுது சபதம் செய்கிறார்கள். மறு நாள் ஆபீஸ் திறந்ததும் பழைய குருடி கதவைத் திறடி! இந்தக் காட்சிக்கு விளக்கம் தேவைப்படாத தேசம் உலகத்தில் இருக்குமா என்பது நமக்குச் சந்தேகமே.

* * *

நாலாவது இடம், வீட்டுக்கு வீடு பேசிக்கொள்ளும் சந்து.

1959-ல் ஓஸு எடுத்த வர்ணப் படம், "காலை வணக்கம்". கரையோரத்தில் பெட்டி அடுக்கினாற்போல் வரிசையாக வீடுகள். ஒரு வீட்டில் சலவை யந்திரம் வாங்கினால், சங்கத்துக்கு வசூலித்த சந்தாப் பணத்தில்தான் வாங்கியிருப்பாளோ என்று மற்ற வீடுகளில் பேச்சு. ஜப்பானில் 1953-ல் டெலிவிஷன் ஒலிபரப்பு ஆரம்பமாயிற்று. ஆறு வருஷத்துக்குள் அது சிறுவர்களைப் பிடித்து ஆட்டுகிறது. ஸுமோ மல்யுத்தம் பார்ப்பதற்காகத் தங்கள் வீட்டிலும் டெலிவிஷன் வேண்டுமென்று இரண்டு பையன்கள் அடம் பிடிக்கிறார்கள். வீண் பேச்சுப் பேசாதே என்று அப்பா அதட்டுகிறார். வீண் பேச்சுப் பேசுகிறவர்கள் பெரியவர்கள்தான் என்கிறான் பையன். காலை வணக்கம், மாலை வணக்கம், நல்ல வெயில், எங்கே கிளம்பினீர்கள் என்பவற்றுக்கெல்லாம் என்ன அர்த்தம் என்று கேட்டுவிட்டு, இருவரும் மௌன விரதம் பூண்டுவிடுகிறார்கள். அந்தப் பையன்கள் விளையாடுகிற வேறொரு விளையாட்டும் படத்தில் உண்டு. அதைக் குடும்பப் பத்திரிகையில் எழுதுவதற்கில்லை.

படத்தின் முடிவில், ஒருவர்மேல் ஒருவர் பிரியம் வைத்த ஓர் இளைஞனும் ஒரு பெண்ணும் ரயில் நிலையத்தில் சந்திக்கிறார்கள். என்ன பேசுகிறார்கள்? நல்ல வானிலை என்கிறார்கள். மேகத்தின் உருவத்தைப் பற்றிப் பேசுகிறார்கள். அந்த வீண் பேச்சுக்குள்தான் எல்லாம் அடங்கியிருக்கிறது. நண்பர் டோக்கியோவில் பத்து நாளும் கேட்ட காலை வணக்கத்துக்கு உள்ளே என்ன இருந்தது என்பதை இந்தப் படத்தைப் பார்த்தால் கொஞ்சம் ஊகிக்கலாம்.

* * *

ஆனால் நான்கு புகைபோக்கிகளையும் எண்ணி முடித்துவிட்டோம் என்று நாம் மார் தட்டிக்கொள்வதற்கில்லை. இந்தப் படங்களில் தெரியாதவையும் உண்டு.

1923-ம் வருஷம் செப்டம்பர் 1-ந் தேதி, பகல் பன்னிரண்டு அடிக்க இரண்டு நிமிஷம் இருக்கையில், வீடுகளில் சமையலுக்கு அடுப்பு எரிந்துகொண்டிருந்த சமயத்தில் பூகம்பம் வந்தது. பூகம்பத்திலும் தீயிலும் ஒரு லட்சத்துக்கு மேல் ஜனங்கள் மாண்டார்கள். 1945 மார்ச் 10-ந் தேதி அதிகாலையில் அமெரிக்க விமானங்கள் வீசிய நெருப்புக் குண்டுகளில் ஏறக்குறைய ஒரு லட்சம் பேர் மடிந்தார்கள். ஓஸு பிறந்த புகாகாவா பேட்டை இரண்டு தடவையும் எரிந்தது. ஆனால் "டோக்கியோ கதை"யில் இடிபாடுகளைத் தேடினால் அநேகமாக அகப்படாது. யுத்தம் அங்கே முக்கியமாக ஓர் இடத்தில் இருக்கிறது: நோரிக்கோவின் அறையில் வைத்திருக்கும் இறந்த கணவனின் படத்தில். அவன் போய் எட்டு வருஷம் ஆகிறது.

அந்தப் படத்தைச் சற்று நின்று பார்க்கவேண்டியிருக்கிறது. இவ்வளவு சாதுவான வீடுகளிலிருந்து புறப்பட்ட பிள்ளைகள்தாம் சீனாவிலும் மலாயாவிலும் சிப்பாய்களாகப் போய் நின்றார்கள். ஓஸுவும் 1937 முதல் 1939 வரை சீனாவில் சிப்பாயாக இருந்தவரே. மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம்-பர்மா ரயில் பாதை போடக் கொண்டுபோகப்பட்டுத் திரும்பி வராத தமிழர்கள் ஆயிரக்கணக்கானவர்கள். அவர்கள் நின்ற இடத்திலிருந்து பார்த்தால் தெரிகிற புகைபோக்கி இந்தப் படங்களில் இல்லை. நாம் நோரிக்கோவுக்காக வருந்துகிறோம், வருந்துவது சரியே. ஆனால் அந்தத் தமிழர்களின் வீடுகளிலும் ஒரு படத்துக்கு முன்னால் யாரோ ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். அவளைக் காட்ட எவரும் காமிராவைக் கீழே இறக்கி வைக்கவில்லை.

இன்னொன்று: படத்தில் இருக்கிற ஊர் நிலத்தில் இருப்பதில்லை. 1964-ல் டோக்கியோவில் ஒலிம்பிக் பந்தயம் நடந்தது. ஓஸாகாவுக்கு அதிவேக ரயில் விட்டார்கள். ஸென்ஜுப் புகைபோக்கிகள் நான்கையும் இடித்துவிட்டார்கள். ஓஸு அதற்கு முந்திய வருஷமே, தமது அறுபதாவது பிறந்த நாளன்று, காலமாகிவிட்டார். அவருடைய டோக்கியோவைத் தேடிக்கொண்டு விம் வெண்டர்ஸ் என்ற ஜெர்மானிய டைரக்டர் 1983-ல் அங்கே போனார். அவருக்கு அகப்பட்டவை வரிசையாக மக்கள் உட்கார்ந்து ஆடும் சூதாட்ட யந்திரங்களும், மெழுகில் செய்து உணவு விடுதி ஜன்னலில் வைக்கும் போலிப் பட்சணங்களும்தான். அதே வெண்டர்ஸ் நாற்பது வருஷம் கழித்து, 2023-ல், டோக்கியோவின் பொதுக் கழிப்பிடங்களைச் சுத்தம் செய்கிற ஒருவனைப் பற்றிப் படம் எடுத்தார். விடியற்காலையில் தெருக் கூட்டும் துடைப்பத்தின் ஓசையில் அவன் கண் விழிக்கிறான், செடிகளுக்குத் தண்ணீர் தெளிக்கிறான், வேலைக்குப் போகிறான். மோட்டாரில் வந்து இறங்கிய தங்கை, நிஜமாகவே இந்த வேலைதான் செய்கிறாயா என்று கேட்கிறாள். ஆமாம் என்கிறான். 1932-ல் இரண்டு பையன்கள் தகப்பனாரிடம் கேட்ட கேள்வியின் எதிரொலி போலவே இருக்கிறது இது. அவனுக்கு வைத்திருக்கும் பெயர் ஹிராயாமா. அது "டோக்கியோ கதை"க் குடும்பத்தின் பெயர். அந்தக் கழிப்பிடங்கள் எல்லாம் நகரத்தின் ஒரு பகுதியில் புதிதாகக் கட்டிய பதினேழு அழகிய கட்டிடங்கள் என்பதையும், படத்தில் அவை சந்தேகப்படும் அளவுக்குச் சுத்தமாயிருக்கின்றன என்பதையும் சொல்லிவிடுகிறோம். இந்தப் புகைபோக்கியையும் ஓரிடத்திலிருந்துதான் பார்க்கிறோம்.

* * *

இவ்வளவையும் கேட்ட பிறகு நண்பர், "சரி, ஒரு படந்தான் போடுங்களேன், பார்க்கலாம்" என்றார். "டோக்கியோ கதை"யைப் போட்டோம். முதல் அரை மணி நேரம் கொட்டாவி விட்டார். ஊர் காட்டும் பஸ் வந்ததும், "இந்த இடத்துக்கு நான் போயிருக்கிறேன்!" என்று உற்சாகமாய்ச் சொன்னார். பிறகு பேச்சில்லை. கிழவரும் கிழவியும் இராத் தங்க இடமில்லாமல் பூங்காவில் உட்கார்ந்து, இந்தப் பெரிய ஊரில் ஒருவரை ஒருவர் தவறவிட்டால் கண்டுபிடிக்கவே முடியாது என்று பேசிக்கொள்கிற கட்டத்தில் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

படம் முடிந்து விளக்கைப் போட்டோம். மணி பதினொன்று. காபி வேண்டுமா என்று கேட்டோம், வேண்டாம் என்றார். அந்த ஐந்நூறு புகைப்படங்கள் இருந்த கைப்பேசியை எடுத்துக்கொண்டு வாசல் திண்ணைக்குப் போனார். "தூங்கிவிட்டாயா, அம்மா?" என்று அவர் கேட்டது நம் காதில் விழுந்தது. அதற்கு மேல் கேட்பது மரியாதையல்ல என்று நாம் உள்ளே வந்துவிட்டோம்.